சக்கரங்களின் சரித்திரம்: ஒற்றைச் சக்கரத்துக்கு ஒரு பிரேக்

டாக்குரியா என்ற பெயரைச் சொன்னால், லேக் மார்க்கெட்டைச் சுற்றிலும் ராஷ்பிகாரி அவென்யூவை ஒட்டியும் இரண்டு மூன்று தலைமுறைகளாகக் குடியிருந்து, வாழையிலையும் காப்பிப் பொடியும் கிடைக்கும் கடைத்தெருவையே சொந்த ஊராகப் பாவித்துக் கல்கத்தா வாழ்க்கையை நடத்தி வந்த தென்னாட்டுக் குடும்பங்களுக்கு இரண்டு விஷயங்கள் உடனே நினைவுக்கு வரும். ஒன்று, 1920-களில் கல்கத்தா அபிவிருத்தி டிரஸ்ட் வெட்டுவித்து, டாக்குரியா ஏரி என்று ஜனங்கள் நெடுங்காலம் வழங்கி, 1958-இல் ரவீந்திர சரோவர் என்று பெயர் சூட்டப்பெற்ற ஏரி. மற்றொன்று, கோல்பார்க்கிலிருந்து ஜாதவ்பூர் பக்கம் செல்லும் கரியாஹாட் சாலையை, சியால்தாவிலிருந்து தெற்கே ஓடும் ரயில் பாதைக்கு மேலாகத் தாண்டச் செய்யும் டாக்குரியா பாலம். இந்தப் பாலத்தின் அடிமண்ணை எலிகள் குடைந்து வளை தோண்டிவிட்டன என்று சில ஆண்டுகளுக்கு முன்பு பொறியாளர்கள் பெருங்கவலை கொண்டு பரிகாரம் தேடியதைப் பத்திரிகைகள் விஸ்தாரமாக எழுதின. கனரக வண்டிகளைத் தாங்கி நிற்கும் ஒரு கட்டுமானம் மூஷிகத்துக்கு அஞ்ச நேர்ந்ததை நினைத்து நகைப்பதா, நகரசபைக் காரியங்களை நினைத்து வருந்துவதா என்பது வாசகர்களின் சுபாவத்தைப் பொறுத்தது.

நமக்கு இங்கே வேண்டியது எலியன்று, அந்தப் பாலத்தின் சரிவு. ஆஷாட மாதத்து மழை விடாமல் பெய்துகொண்டிருக்கும் ஒரு மாலை வேளையில், பாலத்தின் உச்சியைக் கடந்து கீழே இறங்கும் வண்டிக்காரர், சவாரிக்காகத் திடீரென்று நின்றுவிட்ட ஷேர் ஆட்டோ ஒன்றைக் கண்டு, பிரேக்கை மிதித்துக்கொண்டே ஸ்டியரிங்கையும் ஒடிப்பாரானால், அந்த ஒரு க்ஷணத்தில் அவர் தம்முடைய டயர்களிடம் இரண்டு வேலைகளை ஒருங்கே கேட்கிறார்: ஒன்று நிறுத்துவது, மற்றொன்று திருப்புவது. டயர் ஒவ்வொன்றும் சாலையைத் தொடும் இடம் ஏறக்குறைய ஓர் உள்ளங்கை அளவுதான். அந்த உள்ளங்கையளவு ரப்பருக்கு உள்ள பிடிமானம் ஒரு குறிப்பிட்ட மொத்தத்துக்கு மேல் போகாது. நிறுத்துவதற்கு அதில் பெரும்பங்கைச் செலவழித்துவிட்டால் திருப்புவதற்கு மிச்சம் இராது. இதனோடு டிராம் தண்டவாளமும் சேர்ந்துகொண்டால், அதாவது பாலத்தைத் தாண்டிக் கரியாஹாட் சந்திப்புப் பக்கம் வந்து, இடப்புறச் சக்கரங்கள் நனைந்த எஃகின் மேலும் வலப்புறச் சக்கரங்கள் தாரின் மேலும் இருக்கும் சமயத்தில் பிரேக்கை மிதிக்க நேர்ந்தால், எஃகின் மேல் உள்ள சக்கரங்கள் வழுக்க, தாரின் மேல் உள்ளவை பற்ற, வண்டி தன் அச்சில் வலப்புறமாகச் சுழலத் தொடங்கும். பழைய டாக்ஸி டிரைவர்கள் மழைநாளில் தண்டவாளத்தின் மேல் பிரேக் போடாதே என்று புதியவர்களுக்குப் புத்தி சொல்லி வந்ததன் காரணம் இதுதான்.

சென்ற இதழில், பிரேக்கை அழுத்தி மிதித்தாலும் சக்கரம் பூட்டிக்கொள்ளாதபடி காக்கும் ஏபிஎஸ் என்னும் சாதனம் 1978-ஆம் ஆண்டில் பாஷ் நிறுவனத்தாரால் மெர்சிடிஸ் வண்டியில் எவ்வாறு அரங்கேறியது என்பதைப் பார்த்தோம். சக்கரம் பூட்டிக்கொள்ளாவிட்டால் ஸ்டியரிங் வேலை செய்யும். அது பெரிய லாபம்தான். ஆயினும் வண்டியின் முழு உடலும் எந்தத் திக்கில் போகிறது, டிரைவர் எந்தத் திக்கில் போக விரும்பினார், இவ்விரண்டுக்கும் வித்தியாசம் உண்டா என்ற விசாரணையை ஏபிஎஸ் செய்வதில்லை. அந்த விசாரணையைச் செய்து, வித்தியாசம் கண்டவிடத்துத் தானே தலையிட்டுத் திருத்துகிற சாதனத்தின் சரித்திரமே இந்த இதழின் விஷயம். கம்பெனிகள் அதற்கு இஎஸ்பி என்றும், இஎஸ்சி என்றும், வேறு பல எழுத்துக்களைச் சேர்த்தும் பெயரிட்டிருக்கின்றன. வாகனங்களின் ஸ்திரத்தன்மையை மின்னணு முறையில் காக்கும் ஏற்பாடு என்பதே அவை அனைத்தின் பொருள்.

இந்தச் சரித்திரத்துக்கும் கல்கத்தாவுக்கும் சம்பந்தமில்லை என்று நினைத்துவிடலாகாது. பாஷ் என்ற பெயர் இந்திய மண்ணில் முதன்முதல் வியாபாரத்துக்கு வந்து இறங்கியதே கல்கத்தாவில்தான்: 1922-இல் இல்லிஸ் கம்பெனியார் இங்கே அதற்கு ஒரு விற்பனை அலுவலகம் திறந்தார்கள். அக்காலத்தில் அந்தப் பெயருக்குப் புகழ் தந்த சரக்கு, என்ஜினுக்குத் தீப்பொறி கொடுக்கும் மாக்னெட்டோவும் ஸ்பார்க் பிளக்கும். பின்னர் 1951-இல் அதன் கூட்டுறவோடு மோட்டார் இண்டஸ்ட்ரீஸ் கம்பெனி, அதாவது நம்மவர்கள் மைக்கோ என்று அழைத்த ஸ்தாபனம் தோன்றி, பெங்களூரில் தொழிற்சாலை நிறுவியது. இன்னொரு பக்கத்தில், ஹூக்ளி நதிக்கரையில் கல்கத்தாவுக்கு வடக்கேயுள்ள உத்தர்பாராவில், பிர்லா குடும்பத்தாரின் ஹிந்துஸ்தான் மோட்டார்ஸ் ஆலை 1957 முதல் அம்பாஸடர் காரை உற்பத்தி செய்து வந்தது. மஞ்சள் டாக்ஸியாகவும் மந்திரிகளின் வெள்ளை வண்டியாகவும் அரை நூற்றாண்டுக்கு மேல் பாரத தேசத்தின் சாலைகளை ஆண்ட அந்தக் கார், இங்கிலாந்தின் மாரிஸ் ஆக்ஸ்போர்டு வண்டியின் மூன்றாம் வரிசையை அடியொற்றியது. முன்பக்கம் முறுக்குக் கம்பி, பின்பக்கம் பட்டை வில், நெடுங்காலம் நான்கு சக்கரங்களிலும் டிரம் பிரேக். உத்தர்பாராவில் மாரிஸின் வாரிசு தயாராகிக் கொண்டிருந்த அதே காலத்தில், மோட்டார் வண்டி ஏன் சறுக்குகிறது என்ற கேள்விக்கு மேனாட்டில் கணித ரூபமான விடை தயாராகிக் கொண்டிருந்தது என்பதுதான் கவனிக்கத்தக்கது.

அந்த விடை ஆகாய விமானத்திலிருந்து வந்தது. டயரானது தான் நோக்கும் திசையிலேயே உருளுவதில்லை, வளைவில் பக்கவாட்டு விசை தாக்கும்போது நோக்கும் திசைக்கும் போகும் திசைக்கும் இடையே ஒரு சிறு கோணம் விழுகிறது என்பதை 1925-லேயே பிரெஞ்சுக்காரரான ஜார்ஜ் புரூலியே எடுத்துக் காட்டியிருந்தார். 1930-களில் ஜெனரல் மோட்டார்ஸைச் சேர்ந்த மாரிஸ் ஆல்லி, முன் டயர்கள் அதிகமாக நழுவும் வண்டியையும் பின் டயர்கள் அதிகமாக நழுவும் வண்டியையும் வேறு பிரித்து இலக்கணம் வகுத்தார். ஆனால் வண்டியின் இயக்கம் முழுவதையும் சமன்பாடுகளாக எழுதி, பரிசோதனையோடு ஒத்துப் பார்த்த பெருமை, அமெரிக்காவில் பப்பலோ நகரத்துக் கார்னெல் விமான ஆராய்ச்சிக் கூடத்தில் பணியாற்றிய வில்லியம் மில்லிக்கன், லெனார்டு ஸீகல் முதலியவர்களுக்கு உரியது. மில்லிக்கன் அதற்கு முன் விமானங்களைப் பறக்கவிட்டுச் சோதித்தவர். விமானம் காற்றில் முகத்தைத் திருப்புவதை ஆராயும் அதே சாஸ்திரத்தால் கார் சாலையில் முகத்தைத் திருப்புவதையும் ஆராயலாம் என்று கண்டார். 1956-இல் லண்டன் யந்திரப் பொறியாளர் கழகத்தில் அவர்கள் படித்த கட்டுரைகளே இத்துறைக்கு அஸ்திவாரம். வண்டியின் வேகமும் ஸ்டியரிங்கின் கோணமும் தெரிந்தால், வண்டி ஒரு விநாடிக்கு எத்தனை பாகை திரும்பவேண்டும் என்று கணக்கிட்டுச் சொல்லிவிடலாம் என்ற நிலை அன்றே ஏற்பட்டுவிட்டது.

கணக்கு கைக்கு வந்தபின்னும் ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் ஏன் காத்திருக்க நேர்ந்தது? மூன்று குறைகள் இருந்தன. கணக்கை வண்டியிலேயே உட்கார்ந்து க்ஷணத்துக்கு க்ஷணம் போடுவதற்குச் சிறிய கம்ப்யூட்டர் இல்லை. வண்டி உண்மையில் எவ்வளவு வேகமாகச் சுழல்கிறது என்று அளந்து சொல்லும் கருவி, விமானத்திலும் ராணுவ ஏவுகணையிலும் இருந்ததேயொழிய, கார்க்காரன் கொடுக்கக்கூடிய விலையில் இல்லை. எல்லாவற்றினும் முக்கியமாக, வித்தியாசத்தைக் கண்டுபிடித்தால் அதைத் திருத்துவதற்கு வண்டியில் கை ஏது? டிரைவருக்கு உள்ளது ஒரு ஸ்டியரிங், ஒரு பிரேக் மிதி. எத்துணைச் சாமர்த்தியசாலியானாலும், இடப்புறப் பின்சக்கரத்தை மாத்திரம் பிடித்து நிறுத்து என்றால் அவரால் முடியாது. அவர் காலின்கீழ் உள்ள மிதி நான்கு சக்கரங்களுக்கும் பொதுவானது. ஹூக்ளியில் படகு செலுத்துபவனுக்கு இந்தக் கஷ்டம் இல்லை. திரும்பவேண்டிய பக்கத்துத் துடுப்பைத் தண்ணீரில் நிலையாக ஊன்றிக்கொண்டால் படகு அந்தப் பக்கமே முகம் திருப்பும். மோட்டார் காருக்கு அப்படிப்பட்ட நான்கு துடுப்புக்களை முதன்முதலில் தனித்தனியாகக் கொடுத்தது ஏபிஎஸ்தான். ஒவ்வொரு சக்கரத்தின் பிரேக் குழாயிலும் வால்வுகளை வைத்து, எண்ணெய் அழுத்தத்தைத் தனித்தனியே கூட்டவும் குறைக்கவும் அது வழி செய்துவிட்டது. வேண்டியிருந்ததெல்லாம் அந்தத் துடுப்புக்களை ஒரு நோக்கத்தோடு வலிப்பதற்கு ஒரு புத்தி.

அந்தப் புத்தி இரண்டு இடங்களில் ஏககாலத்தில் உதித்தது. ஒன்று, பாஷ் நிறுவனத்தில் 1977 முதல் பணியாற்றிய அன்டன் வான் ஸான்டன் என்னும் டச்சுக்காரரிடம். இவர் 1940-இல் இன்றைய இந்தோனேஷியாவில் பிறந்தவர். அமெரிக்காவின் கார்னெல் சர்வகலாசாலையில் ஆராய்ச்சிப் பட்டம் பெற்றவர். மற்றொன்று, மெர்சிடிஸ் நிறுவனத்தின் இளம் பொறியாளராக இருந்த பிராங்க்-வெர்னர் மோன் என்பவரிடம். மோனுடைய கதையை அந்நிறுவனத்தார் சுவையாகச் சொல்வார்கள். 1989 பிப்ரவரியில் ஸ்வீடன் தேசத்தின் வடக்குக் கோடியில் பனிக்காலப் பரிசோதனைக்காக வண்டி ஓட்டிச் சென்றபோது, அவர் கார் சறுக்கி ஓரத்துப் பள்ளத்தில் விழுந்தது. மீட்பு வண்டி வரும்வரை காத்திருந்த நேரத்தில், ஏபிஎஸ் கம்ப்யூட்டருக்கு வண்டியின் சுழற்சியை அளக்கும் ஒரு கருவியையும் இணைத்துவிட்டால் இந்தச் சறுக்கலையே தடுக்கலாமே என்ற யோசனை அவருக்குத் தோன்றியதாம். சுழற்சியை அளப்பதற்கு முதலில் விளையாட்டு ஹெலிகாப்டர் ஒன்றை வாங்கி அதிலிருந்த ஜைராஸ்கோப்பைக் கழற்றிப் பொருத்திப் பார்த்ததாகவும், அதன் வேகம் போதாமல் ஏவுகணைக்குரிய கருவியைத் தேடிப் போனதாகவும் மோனே பின்னாளில் சொல்லியிருக்கிறார். குழந்தையின் பொம்மைக்கும் யுத்த ஆயுதத்துக்கும் நடுவே குடும்பஸ்தனின் காருக்குரிய கருவி பிறந்திருக்கிறது.

1992-இல் இரு கம்பெனிகளும் கைகோத்துக்கொண்டன. ஒரு சமயம், உறைந்த ஏரியின் மேல் வளைந்து வளைந்து செல்லும் ஒரு தடம் அமைத்து, வண்டி ஓட்டுவதில் அத்தனை தைரியம் இல்லாத ஒரு மேலதிகாரியை அதில் ஓட்டச் செய்தார்களாம். புதிய சாதனம் இயங்கும்போது அவர் தேர்ந்த சோதனை டிரைவர்களுக்குக் கிட்டத்தட்டச் சமமாக ஓட்டி முடித்தார். அதை அணைத்துவிட்டபோது முதல் வளைவைக்கூடத் தாண்ட முடியவில்லை. மேலதிகாரிகளை இணங்க வைப்பதற்கு ஆயிரம் பக்க அறிக்கையைவிட இது உத்தமமான வழி என்பதை எந்த உத்தியோகஸ்தரும் ஒப்புக்கொள்வார். 1995-இல் மெர்சிடிஸின் எஸ் 600 கூப்பே என்னும் தனவந்தர் வண்டியில் அது விற்பனைக்கு வந்தது. ஜப்பானிய டொயோட்டா நிறுவனத்தாரும் பி.எம்.டபிள்யூ. நிறுவனத்தாரும் இதே பாதையில் சம காலத்தில் நடந்தவர்களே. ஆகவே ஒருவருக்கே மகுடம் சூட்டுவது நியாயமன்று. எனினும் 2016-இல் ஐரோப்பியக் கண்டுபிடிப்பாளர் பரிசு, வாழ்நாள் சாதனைக்காக, வான் ஸான்டனுக்கே வழங்கப்பட்டது.

இனி யந்திரம் எவ்வாறு வேலை செய்கிறது என்று பார்ப்போம். ஸ்டியரிங் தண்டில் உள்ள ஓர் உணர்கருவி, டிரைவர் எவ்வளவு கோணம் திருப்பியிருக்கிறார் என்பதைச் சொல்கிறது. நான்கு சக்கரங்களிலும் உள்ள கருவிகள் அவற்றின் வேகத்தைச் சொல்கின்றன. இவ்விரண்டையும் கொண்டு, 1956-இல் வகுக்கப்பட்ட கணக்கின் வாரிசான ஒரு கணக்கைப் போட்டு, டிரைவர் விரும்பிய பாதை எது என்று கம்ப்யூட்டர் ஊகிக்கிறது. வண்டியின் மத்திய பாகத்தில் உள்ள வேறொரு கருவி, வண்டி நிலைக்குத்தான அச்சைச் சுற்றி உண்மையில் எவ்வளவு வேகமாகத் திரும்புகிறது என்று அளக்கிறது. 1852-இல் விஞ்ஞானி பூக்கோ காட்டிய ஜைராஸ்கோப்பின் தூரத்துப் பேரன் இது. ஆனால் இதில் சுழலும் சக்கரம் இல்லை. அதிர்ந்துகொண்டே இருக்கும் ஒரு சிறு எஃகு உருளையும், சில ஆண்டுகள் கழித்து அதனிடத்தில் நகக்கண்ணுக்குள் அடங்கும் சிலிக்கான் துண்டும், சுழற்சி நேரும்போது, சுழலும் பொருளில் அசைவதைப் பக்கவாட்டில் தள்ளும் கோரியோலிஸ் விசையினால் சற்றே விலகி அதிரும். அந்த விலகலே அளவு. ஊகித்த பாதையையும் உண்மைப் பாதையையும் விநாடிக்கு இருபத்தைந்து தடவை ஒப்பிட்டுப் பார்க்கிறது கம்ப்யூட்டர்.

ஒப்பிடுவதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. ஸ்டியரிங் எவ்வளவு திரும்பினாலும், பனியின் மேலோ சேற்றின் மேலோ டயருக்குப் பிடிமானமே இல்லாதபோது, கணக்குச் சொல்லும் வேகத்தில் வண்டியைத் திருப்ப முயன்றால் அது சுழன்று போகும். திரும்பும் வேகம் சரியாக இருந்தும் உடல் முழுவதும் பக்கவாட்டில் வழுக்கிக்கொண்டு போவதும் உண்டு. ஆதலால் பக்கவாட்டு முடுக்கத்தை அளக்கும் இன்னொரு கருவி, சாலை எவ்வளவு பிடிமானம் தருகிறது என்பதற்குச் சாட்சி சொல்லுகிறது. டிரைவரின் ஆசையைச் சாலையின் சக்திக்குத் தக்கபடி குறைத்துக்கொண்டே கம்ப்யூட்டர் தீர்ப்பளிக்கிறது. வண்டியின் மூக்கு நோக்கும் திசைக்கும் அதன் உடல் போகும் திசைக்கும் உள்ள கோணத்தையோ எந்தக் கருவியும் நேராக அளந்து சொல்வதில்லை. மற்ற அளவுகளிலிருந்து அதை அனுமானம் செய்தே அறியவேண்டும். வான் ஸான்டனுடைய குழுவினர் மிகுந்த பாடுபட்டது இந்த அனுமானத்தில்தான். வாங்குகிறவர்கள் கண்ணுக்குப் புலப்படாத இந்தப் பகுதியே எனக்கு இந்தச் சாதனத்தின் உயிர்நிலையாகத் தோன்றுகிறது.

தீர்ப்பு கிடைத்தபின் தண்டனை சக்கரத்துக்கு. டாக்குரியா பாலத்திலிருந்து இறங்கி இடப்புறமாக வளையும் வண்டியைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். முன் டயர்கள் பிடிமானம் இழந்து, எவ்வளவு ஒடித்தும் வண்டி நேராகவே போகப் பார்க்கிறது என்றால், உள்பக்கத்துப் பின்சக்கரம், அதாவது இடப்புறப் பின்சக்கரம் மாத்திரம் பிரேக் பிடிக்கப்படுகிறது. அந்த இழுவையினால் வண்டியின் மூக்கு இடப்புறமாகத் திரும்புகிறது. முன் டயர்கள் ஏற்கனவே தம் சக்தி முழுவதையும் செலவழித்துவிட்டன. அவற்றிடம் மேலும் வேலை வாங்க முயல்வதில் பயன் இல்லை என்பதனாலேயே பின்சக்கரம் தேர்ந்தெடுக்கப்படுகிறது. இதற்கு மாறாக, வண்டியின் பின்பகுதி வெளிப்புறமாக வீசிக்கொண்டு போய் முழுவட்டமாகச் சுழலப் பார்க்கிறது என்றால், வெளிப்பக்கத்து முன்சக்கரம், அதாவது வலப்புற முன்சக்கரம் பிடிக்கப்படுகிறது. மூக்கு வெளிப்புறமாக இழுபட்டுச் சுழற்சி அடங்குகிறது. தேவையானால் என்ஜினின் விசையும் குறைக்கப்படுகிறது. தண்டவாளத்தின் மேல் சுழலத் தொடங்கிய வண்டியும் இவ்வாறே, சுழற்சி கண்ணுக்குத் தெரியுமுன், பற்றிக்கொண்ட பக்கத்துப் பிரேக் தளர்த்தப்பட்டு நேராக்கப்படுகிறது. இவையனைத்தும் டிரைவர் என்ன நடந்தது என்று உணர்வதற்குள் முடிந்துவிடும். கருவிப் பலகையில் வளைந்த தடங்களோடு கூடிய ஒரு சிறு கார்ப் படம் மஞ்சள் நிறத்தில் சிமிட்டி மறைவது ஒன்றே அவருக்குக் கிடைக்கும் அறிவிப்பு.

டிரைவர் மிதியைத் தொடாமலே பிரேக் பிடிக்க வேண்டுமாதலால், ஏபிஎஸ்ஸுக்குப் போதுமாயிருந்த எட்டு வால்வுகளோடு மேலும் நான்கு சேர்ந்து பன்னிரண்டாயின. எண்ணெயை உறிஞ்சி அழுத்தம் கொடுக்கும் பம்பும் வலுப்பெற்றது. குளிர்ப் பிரதேசங்களில் பிரேக் எண்ணெய் கெட்டிப்பட்டு மெதுவாக ஓடியதால், முதல் வண்டிகளில் அதைத் தள்ளிக் கொடுப்பதற்கென்றே தனியாக ஒரு பம்பு வைக்கவேண்டியிருந்தது. நம் ஊர் உஷ்ணத்துக்கு அந்தக் கவலை இல்லை.

இவ்வளவும் இருந்தும், இந்தச் சாதனம் பணக்காரர் வண்டியின் பூஷணமாகவே நின்றுபோயிருக்கக்கூடும். அதைப் பொதுஜனங்களிடம் கொண்டுவந்து சேர்த்தது ஓர் அவமானம். மெர்சிடிஸ் நிறுவனத்தார் 1997-இல் தங்கள் சரித்திரத்திலேயே மிகச் சிறிய வண்டியாகிய ஏ கிளாஸ் காரை வெளியிட்டார்கள். உயரம் அதிகமும் நீளம் குறைவுமாகிய வண்டி அது. ஸ்வீடனில் மூஸ் என்னும் மிகப் பெரிய காட்டு மான்கள் காட்டிலிருந்து திடீரென்று சாலையில் வந்து நிற்பது சகஜமாதலால், வேகமாக வரும் வண்டியை ஒரு பக்கம் ஒடித்து, எதிர் வண்டிக்கு வழிவிட்டு உடனே மறுபக்கம் ஒடிக்கும் பரிசோதனையை அத்தேசத்துப் பத்திரிகைக்காரர்கள் செய்வது வழக்கம். அக்டோபர் 21-ஆம் தேதி டெக்னிகென்ஸ் வார்ல்ட் பத்திரிகையைச் சேர்ந்த ராபர்ட் காலின் இந்தப் பரிசோதனையைச் செய்தபோது ஏ கிளாஸ் வண்டி கவிழ்ந்தது. கிழக்கு ஜெர்மனியில் பிளாஸ்டிக் உடலோடு தயாரான பழைய டிராபன்ட் வண்டி அதே பரிசோதனையில் தேறிவிட்டது என்று ஜெர்மன் பத்திரிகைகள் எள்ளி நகையாடின. கம்பெனியார் முதலில் சமாதானம் சொல்லிப் பார்த்தார்கள். பிறகு விற்பனையையே சில மாதங்கள் நிறுத்தி, விற்ற வண்டிகளையும் திரும்ப அழைத்து, தொங்கல் அமைப்பைத் திருத்தி, விலையுயர்ந்த வண்டிகளுக்கென்று வைத்திருந்த இஎஸ்பி சாதனத்தை அந்தச் சிறிய வண்டி ஒவ்வொன்றிலும் இலவசமாகப் பொருத்தினார்கள். பெரிய நிறுவனங்களின் தாராள மனப்பான்மை அநேகமாக இப்படித்தான் பிறக்கிறது.

பெருந்தொகையில் உற்பத்தியாகவே விலை இறங்கியது. விலை இறங்கவே சட்டம் செய்வோர் துணிந்தார்கள். 2006-இல் அமெரிக்காவின் நெடுஞ்சாலைப் பாதுகாப்புக்கான இன்ஷூரன்ஸ் கழகம், இச்சாதனம் உள்ள வண்டிகளில் மரணம் விளைவிக்கும் விபத்துக்களின் அபாயம் 43 சதவீதமும், வேறு வண்டி சம்பந்தப்படாமல் தானே சறுக்கி மோதும் மரண விபத்துக்களின் அபாயம் 56 சதவீதமும் குறைவதாகக் கணக்கிட்டது. மறு ஆண்டே அந்நாட்டு அரசாங்கம் சட்டம் வகுத்து, 2011 செப்டம்பர் முதல் புதிய கார் ஒவ்வொன்றிலும் இது இருந்தே தீரவேண்டும் என்றது. ஐரோப்பாவில் 2014 நவம்பர் முதல் எல்லாப் புதிய கார்களுக்கும் கட்டாயமாயிற்று.

அந்த 2014-ஆம் ஆண்டின் மே மாதத்தில்தான் உத்தர்பாரா ஆலையில் வேலை நிறுத்தி வைக்கப்பட்டு அம்பாஸடரின் சகாப்தம் முடிந்தது. அந்த வண்டி கடைசிவரை இந்தச் சாதனத்தைக் கண்டதில்லை. அம்பாஸடரைக் குறைகூறுவது என் நோக்கமன்று. பின்னிருக்கையில் ஐந்து பேரையும் கூரைமேல் படுக்கை மூட்டைகளையும் ஏற்றிக்கொண்டு ஹௌராவுக்குச் சென்ற அந்த விசாலமான சரீரத்தை நேசிக்காத கல்கத்தாத் தமிழர் இல்லை. மணிக்கு இருபது கிலோமீட்டர் வேகத்தில் கரியாஹாட்டின் நெரிசலில் ஊர்ந்து செல்லும் வண்டிக்கு இஎஸ்சியினால் பெரிய உபயோகம் இல்லை என்பதும் மெய்தான். ஆனால் நகரம் அந்த வேகத்தோடு நின்றுவிடவில்லை. கிழக்கே பைபாஸ் சாலை வந்தது. 2015-இல் மா மேம்பாலம் வந்தது. வடமேற்கே துர்காபூர் எக்ஸ்பிரஸ்வேயில் வண்டிகள் ரயிலோடு போட்டியிடுகின்றன. வேகத்தை வாங்கிக்கொண்டு அதற்குரிய ரக்ஷணையை வாங்க மறந்துவிட்டோம்.

தொழில் தெரியாத தேசம் என்று சமாதானம் சொல்லவும் இடமில்லை. சென்னையை அடுத்த பாடியில் பிரேக்ஸ் இந்தியா நிறுவனம் 1962-லேயே தோன்றிவிட்டது. பிரேக் வித்தையில் நம்மவர்கள் அறுபது ஆண்டுக்கு மேற்பட்ட அனுபவசாலிகள். ஏபிஎஸ் 2019 ஏப்ரலிலிருந்து எல்லாப் புதிய கார்களிலும் கட்டாயமாகிவிட்டபடியால், வால்வுகளும் சக்கர வேகக் கருவிகளும் வண்டியில் ஏற்கனவே குடியேறிவிட்டன. கூட்டவேண்டியது சுழற்சிக் கருவி, ஸ்டியரிங் கருவி, நான்கு வால்வு, கணக்குப் போடும் நிரல், இவ்வளவே. அப்படியிருந்தும் பல ஆண்டுகள் கம்பெனிகள் இதை உயர்ந்த விலை ரகத்துக்கு மாத்திரம் வைத்துக்கொண்டு, தாழ்ந்த விலை ரகம் வாங்குகிறவர்களுக்கு இல்லையென்றன. தோலுறையையும் கூரைக் கண்ணாடியையும் அப்படிப் பங்கிடுவதில் குற்றமில்லை; குறைந்த சம்பளக்காரர் மழையில் சறுக்கினால் சறுக்கட்டும் என்று பங்கிடுவது வியாபார தர்மத்துக்கும் அடுக்காது. 2023 அக்டோபர் முதல் அமலுக்கு வந்த பாரத் என்கேப் என்னும் தரப்பரீட்சைத் திட்டம், மூன்று நட்சத்திரமோ அதற்கு மேலோ பெற விரும்பும் கார் இச்சாதனத்தைக் கொண்டிருக்கவேண்டும் என்று விதித்திருக்கிறது. நட்சத்திர ஆசையினால் பல கம்பெனிகள் இப்போது எல்லா ரகங்களிலும் இதைப் பொருத்தத் தொடங்கிவிட்டன. ஆசை காட்டிச் செய்விப்பதைக் காட்டிலும் சட்டத்தால் ஒரே நாளில் செய்வித்திருந்தால் நன்றாயிருந்திருக்கும் என்பது என் அபிப்பிராயம்.

ஒன்றை மாத்திரம் மறக்கலாகாது. இந்தச் சாதனம் டயருக்கு இல்லாத பிடிமானத்தை உண்டாக்கித் தருவதில்லை. இருப்பதை நான்கு சக்கரங்களுக்கும் புத்திசாலித்தனமாகப் பங்கிட்டுக் கொடுக்கிறது, அவ்வளவே. பள்ளங்கள் தேய்ந்து வழவழப்பாகிவிட்ட டயரோடு, நீர் தேங்கிய சாலையில் நூறு கிலோமீட்டர் வேகத்தில் போகிறவரை எந்தக் கம்ப்யூட்டரும் காப்பாற்றாது. டயரின் சரித்திரத்தை அடுத்த இதழில் எடுத்துக்கொள்வோம். அதற்குள் புதிய கார் வாங்கப் போகும் வாசகர் யாரேனும் இருந்தால், கடைக்காரர் வர்ணத்தையும் பாட்டுப் பெட்டியையும் பற்றிப் பேசத் தொடங்குமுன், நீங்கள் வாங்கும் அதே ரகத்தில் இஎஸ்சி உண்டா என்று கேட்டு, உண்டு என்றால் அதை விவரப் பட்டியலில் எழுத்து மூலமாகக் காட்டச் சொல்லுங்கள்.